பெற்றோருக்கென்று எழுதிய எழுத்து

1954ஆம் ஆண்டு டெல்லியில் 13,000 பெண்கள் கையெழுத்துப் போட்ட ஒரு மனு பிரதமர் நேருவிடம் போனது. சினிமா பார்த்துப் பார்த்துப் பிள்ளைகள் பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போடுகிறார்கள், வயதுக்கு மீறிய பாலியல் பழக்கங்களைக் கற்றுக்கொள்கிறார்கள், இந்தக் கேட்டை அரசு அடக்க வேண்டும் என்பது அதன் சாரம். அதே ஆண்டு டிசம்பரில் மாநிலங்களவையில் லீலாவதி முன்ஷி, விரும்பத்தகாத படங்களைத் தடுக்கும்படி அரசைக் கேட்கும் தீர்மானம் கொண்டுவந்தார். பிள்ளைகளின் கண்ணில் எது படலாம், எது படக்கூடாது என்பதற்காகச் சுதந்திர இந்தியாவில் பெற்றோர் திரண்டு அரசின் கதவைத் தட்டிய தொடக்க கால நிகழ்வுகளில் இது முக்கியமானது.

இந்த மனுவைப் பற்றி எழுதுகிறவர்கள் அதைப் பழைமைவாதத்தின் குரலாக எடுத்துக்கொண்டு கடந்துபோவதுண்டு. எனக்கு அதில் வேறொன்று தெரிகிறது. மனு போன காலத்தில் தணிக்கை இல்லாமல் இல்லை. 1949லேயே படங்களை எல்லாருக்குமான ‘யு’ என்றும் வயதுவந்தோருக்கு மட்டுமான ‘ஏ’ என்றும் பிரித்தாகிவிட்டது. 1952இல் புதிய திரைப்படச் சட்டமும் வந்துவிட்டது. சட்டப்படி ஒரு சிறுவன் அரங்கில் பார்க்க முடிந்தது யு படம் ஒன்றைத்தான். அப்படியானால் அந்தத் தாய்மார்களின் குற்றச்சாட்டு எதன் மீது? அரசே பார்த்து, எல்லாரும் பார்க்கலாம் என்று முத்திரை குத்தி அனுப்பிய படங்களின் மீது. அல்லது வயதைக் கேட்காமல் எல்லாரையும் உள்ளே விட்ட அரங்குகளின் மீது. முத்திரை இருந்தும் தங்களுக்கு அது உதவவில்லை என்றுதான் அவர்கள் சொன்னார்கள். ஏழு பத்தாண்டுகள் கழிந்த பிறகும், தமிழ்நாட்டில் ஒரு குடும்பம் டிக்கெட் எடுக்கும் இடத்தில் நின்று பார்த்தால், அந்த முறையீட்டுக்கு இன்னும் சரியான பதில் வரவில்லை என்பது புரியும்.

இந்தக் கதையில் சென்னைக்குத் தொடக்கத்திலிருந்தே இடமுண்டு. 1918ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1920இல் தணிக்கைக் குழுக்கள் அமைக்கப்பட்ட நகரங்களில் அன்றைய மதராஸும் ஒன்று. 1927இல் பிரிட்டிஷ் அரசு அமைத்த இந்தியத் திரைப்படக் குழுவுக்குத் தலைவராக இருந்தவர் சென்னை வழக்கறிஞர் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார். ஊர் ஊராகப் போய் 353 சாட்சிகளை விசாரித்த அந்தக் குழு, படங்கள் பிள்ளைகளை என்ன செய்கின்றன என்றும் கேட்டது. பேசும்படம் இந்தியாவில் பிறக்கும் முன்பே கேட்கப்பட்ட கேள்வி அது.

டெல்லி மனுவுக்கு அடுத்த ஆண்டு, 1955இல், குழந்தைகள் திரைப்படச் சங்கத்தை அரசு தொடங்கியது. கெட்டதைத் தடுப்பதோடு நில்லாமல் நல்லதை எடுத்துக் கொடுப்போம் என்ற எண்ணம் உயர்ந்ததுதான். ஆனால் அந்தச் சங்கத்தின் படங்கள் நாடெங்கும் உள்ள சாதாரண அரங்குகளுக்கு ஒழுங்காக வந்து சேரவே இல்லை. 2022இல் அது தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டது. பிள்ளைகள் பார்த்தது எப்போதும் பெரியவர்களின் படத்தைத்தான்.

1970இல் கே.ஏ. அப்பாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் முன்தணிக்கை செல்லும் என்று தீர்ப்பளித்தது. திரைப்படம் மற்றக் கலைகளைவிட ஆழமாக உணர்ச்சியைத் தொடுகிறது, சிறுவர்களையும் வளரிளம் பருவத்தினரையும் அதிகம் பாதிக்கிறது என்பது அந்தத் தீர்ப்பு சொன்ன காரணங்களில் ஒன்று. ஆக, தணிக்கை என்ற ஏற்பாட்டுக்குச் சட்டம் தந்த நியாயத்திலேயே குழந்தை இருக்கிறது. ஆனால் குழந்தையின் பெயரால் நடந்த அந்த ஏற்பாட்டில் குழந்தையை வளர்க்கிறவர்களுக்கு நெடுங்காலம் எந்த வேலையும் இல்லை. அரசு பார்க்கும், அரசு வெட்டும், அரசு முத்திரை போடும். பெற்றோர் நம்பினால் போதும்.

இது மாறிய நாள் 1983 ஜூன் 1. அன்றுதான் ‘யு/ஏ’ என்ற புதிய வகை நடைமுறைக்கு வந்தது. படத்தை எல்லாரும் பார்க்கலாம். ஆனால் 12 வயதுக்குக் குறைந்த பிள்ளைகளை அழைத்துப் போவதா வேண்டாமா என்பதைப் பெற்றோர் யோசித்து முடிவு செய்ய வேண்டும். இந்தியத் திரைச் சட்டத்தில் பெற்றோரை ஒரு முடிவெடுக்கும் ஆளாக மதித்து, அவர்களை நோக்கியே எழுதப்பட்ட முதல் எழுத்து யு/ஏ. இதன் பெருமையை நாம் போதுமான அளவு உணரவில்லை என்று நினைக்கிறேன். நாற்பது ஆண்டுகள் கழித்து, 2023ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் அதை யு/ஏ 7+, 13+, 16+ என்று மூன்றாகப் பிரித்தது. ஏழு வயதுப் பிள்ளையும் பதினைந்து வயதுப் பிள்ளையும் ஒன்றல்ல என்பதைச் சட்டம் ஒப்புக்கொள்ள இவ்வளவு காலம் ஆகியிருக்கிறது.

ஏ சான்றிதழுக்கும் யு/ஏவுக்கும் உள்ள முக்கிய வேறுபாட்டை இங்கே சொல்ல வேண்டும். ஏ படத்துக்கு 18 வயது நிரம்பாதவரை உள்ளே விட்டால் அரங்குக்காரர் மீது நடவடிக்கை எடுக்கலாம். யு/ஏவில் அப்படி யாருக்கும் தண்டனை இல்லை. வாசலில் நிற்கும் ஊழியர் எதையும் தடுக்க வேண்டியதில்லை. முழுப் பொறுப்பும் பெற்றோருடையது. இது சரியான ஏற்பாடுதான் என்பது என் கருத்து. என் பிள்ளையை நான் அறிவதுபோல் டிக்கெட் கிழிப்பவர் அறியமாட்டார். ஆனால் பொறுப்பை ஒருவர் தலையில் வைக்கும்போது, அதைச் சுமக்கத் தேவையான தகவலையும் அவர் கையில் கொடுக்க வேண்டும். இங்கேதான் ஏற்பாடு உடைகிறது.

ஒரு படத்துக்கு யு/ஏ எதனால் கிடைத்தது? சண்டைக்காட்சியில் ரத்தம் தெறிப்பதாலா, பேய் வருவதாலா, குடிப்பதாலா, படுக்கையறைக் காட்சியாலா, இரட்டை அர்த்த வசனத்தாலா? ஒரு பெற்றோருக்கு இவை ஒவ்வொன்றும் வேறு வேறு செய்தி. பேய்ப்படத்தைச் சிரித்துக்கொண்டே பார்க்கும் பிள்ளை ஒரு வீட்டில் இருக்கும். அடுத்த வீட்டுப் பிள்ளை அதன் பிறகு ஒரு மாதம் தனியாகத் தூங்காது. அடிதடியைப் பொறுத்துக்கொள்ளும் அப்பா, தன் பத்து வயது மகளை அருகில் வைத்துக்கொண்டு நகைச்சுவை நடிகரின் ஆபாசப் பேச்சைக் கேட்க விரும்பமாட்டார். யு/ஏ என்ற எழுத்து இந்த எதையும் சொல்வதில்லை. விளம்பரத்தில் சான்றிதழின் வகையைக் குறிப்பிட வேண்டும் என்று விதி இருப்பதால் சுவரொட்டியின் ஓரத்தில் அது சிறிதாக இருக்கும். சான்றிதழ் முழுமையாகக் கண்ணில் படுவது படம் தொடங்கும்போது. அதற்குள் டிக்கெட் வாங்கி, பாப்கார்ன் வாங்கி, பிள்ளையை மடியில் வைத்து உட்கார்ந்தாகிவிட்டது.

பெற்றோருக்கென்று எழுதிய அந்த எழுத்தை அவர்கள் படிக்காமல் போனதற்கு இதுவும் ஒரு காரணம். இன்னொரு காரணம், வேறு பலர் அதை மிகக் கூர்மையாகப் படிக்கத் தொடங்கியது.

தமிழ்நாட்டில் இது நடந்த விதம் தனி வரலாறு. 2006இல் தி.மு.க. அரசு, தமிழில் பெயர் வைத்த படங்களுக்குக் கேளிக்கை வரியிலிருந்து விலக்கு அளித்தது. 2011இல் அ.தி.மு.க. அரசு அந்தச் சலுகைக்குக் கூடுதல் நிபந்தனைகள் போட்டது. படம் யு சான்றிதழ் பெற்றிருக்க வேண்டும் என்பது அவற்றில் ஒன்று. நோக்கத்தைக் குறை சொல்ல முடியாது. குடும்பத்தோடு பார்க்கும் படங்கள் பெருகட்டும் என்ற எண்ணம் அதில் இருந்தது. ஆனால் அன்றிலிருந்து 2017 ஜூலையில் சரக்கு மற்றும் சேவை வரி வரும்வரை, யு என்பதற்கும் யு/ஏ என்பதற்கும் இடையே இருந்த வேறுபாடு பிள்ளையின் வயதைப் பற்றியதாக இல்லை, பணத்தைப் பற்றியதாகிவிட்டது. யு/ஏ என்று எழுதி வந்தால் தயாரிப்பாளர் மறுஆய்வுக் குழுவுக்குப் போவார். இங்கே மூன்று வினாடி, அங்கே ஒரு வசனம் என்று பேரம்போல் நடக்கும். கடைசியில் ஒரு சொல்லை ஊமையாக்கி, ஒரு காட்சியைச் சுருக்கி யு வாங்கிவிடுவார்கள். படத்தின் மனப்பான்மை அப்படியேதான் இருக்கும். அந்த ஆறு ஆண்டுகளில் யு என்று நம்பிப் பிள்ளைகளோடு போய் இருக்கையில் நெளிந்த பெற்றோர் ஏமாந்தார்கள் என்றால், அவர்களை ஏமாற்றியது ஒரு தனிப்பட்ட படம் அல்ல. வரிச் சலுகையையும் குழந்தைப் பாதுகாப்பையும் ஒரே எழுத்தில் கட்டிவைத்த ஏற்பாடுதான்.

வரிச் சலுகை போனபிறகு தொலைக்காட்சி உரிமை அந்த இடத்துக்கு வந்தது. ஏ சான்றிதழ் பெற்ற படத்தை அப்படியே ஒளிபரப்பக் கேபிள் தொலைக்காட்சி விதிகள் இடம் தருவதில்லை. சேட்டிலைட் உரிமை விலை போக வேண்டுமென்றால் படத்தை வெட்டித் திரும்பவும் சான்றிதழ் வாங்க வேண்டும். 2023 திருத்தம் தொலைக்காட்சிக்கென்று தனிச் சான்றிதழ் தர வழிசெய்தது இதனால்தான். திரையரங்கில் ஏ, ஆறு மாதம் கழித்து ஞாயிற்றுக்கிழமை மாலை வீட்டுக் கூடத்தில் யு/ஏ. கதை அதே கதைதான், நாயகன் அதே நாயகன்தான்.

2025 ஆகஸ்டில் ரஜினிகாந்த் நடித்த ‘கூலி’ ஏ சான்றிதழோடு வெளிவந்தது. தயாரிப்பு நிறுவனம் யு/ஏ கேட்டுச் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. இதைவிட வன்முறையான படங்களுக்கு யு/ஏ கொடுத்திருக்கிறீர்களே என்பது அவர்களின் வாதங்களில் ஒன்று. நீதிமன்றம் மனுவைத் தள்ளுபடி செய்தது. இந்த வழக்கு எனக்கு ஒரு விஷயத்தைத் தெளிவாக்கியது. பிள்ளைகள் வரலாமா என்ற கேள்வி நீதிமன்றம்வரை போகிறது. ஆனால் கேட்பது பெற்றோர் அல்ல. பிள்ளைகள் வராவிட்டால் அப்பா, அம்மா, பாட்டி என்று நான்கைந்து டிக்கெட்டுகள் குறையும் என்று கணக்குப் போடுகிறவர்கள் கேட்கிறார்கள். அவர்களின் கணக்கு தவறும் அல்ல. நம் ஊரில் சினிமா என்பது குடும்பமாகப் போகும் காரியம். பொங்கலுக்கும் தீபாவளிக்கும் படம் பார்க்கப் போகிறவர்கள் பிள்ளையை யாரிடம் விட்டுவிட்டுப் போவார்கள்? பிள்ளையை அழைத்துப் போகும் அம்மாவைப் பொறுப்பற்றவர் என்று ஏசுவது எளிது. வீட்டில் விட்டுவர ஆளில்லாத, ஆண்டுக்கு இரண்டு முறை மட்டும் வெளியே கிளம்பும் ஒரு பெண்ணுக்கு அந்த எழுத்து எந்த உதவியும் செய்யவில்லை என்பதை ஏசுகிறவர்கள் பார்ப்பதில்லை.

இதுவரை சொன்னது எழுத்து யார் கைக்குப் போனது என்பது. எழுத்து எதை அளக்கிறது என்பது அதைவிடக் கடினமான கேள்வி.

தணிக்கைக்கு மத்திய அரசு 1991 டிசம்பரில் வெளியிட்ட வழிகாட்டுதல்களில், கீழ்த்தரமான உணர்ச்சிகளைத் தூண்டும் இரட்டை அர்த்தச் சொற்களை அனுமதிக்கக் கூடாது என்று தெளிவாகவே இருக்கிறது. பெண்ணை இழிவுபடுத்தும் காட்சிகளுக்கும் தடை இருக்கிறது. இருந்தும் அதே பத்தாண்டில் வந்த தமிழ்ப் படங்களின் நகைச்சுவைப் பகுதிகளை நினைத்துப் பாருங்கள். குறிப்பால் உணர்த்துவதைத் தணிக்கை செய்வது உண்மையிலேயே கடினம். காட்டியதை வெட்டலாம், சொன்னதை ஊமையாக்கலாம். காட்டாமல் காட்டுவதை எப்படி வெட்டுவது? அதனால் குழுவின் கத்தரி கையில் அகப்படுவதை மட்டுமே வெட்டுகிறது. 2015இல் ஜேம்ஸ் பாண்ட் படமான ‘ஸ்பெக்டர்’ இந்தியாவில் வந்தபோது முத்தக்காட்சிகளின் நீளத்தைப் பாதியாகக் குறைத்தார்கள். 2025இல் ‘சூப்பர்மேன்’ படத்திலும் 33 வினாடி முத்தக்காட்சி ஒன்று போனது. இருவர் விரும்பித் தரும் முத்தத்துக்கு வினாடிக் கணக்கு. விருப்பமில்லை என்று சொன்ன பெண்ணைத் தெருத்தெருவாகப் பின்தொடரும் நாயகனுக்கும், கேமரா ஒரு பெண்ணின் இடுப்பைவிட்டு முகத்துக்கு ஏறவே ஏறாத குத்துப்பாட்டுக்கும் எந்தக் கணக்கும் இல்லை. அவை யு படத்திலும் வரும்.

பெற்றோரின் கவலைக்கும் குழுவின் அளவுகோலுக்கும் இடையே உள்ள இடைவெளி இதுதான். மகன் ஒரு முத்தத்தைப் பார்த்துவிட்டால் கெட்டுப்போவான் என்று அஞ்சும் பெற்றோர் இருக்கிறார்கள். ஆனால் நான் பேசிப் பார்த்த பலருடைய அச்சம் வேறு: அவன் பெண்களை எப்படிப் பார்க்கக் கற்றுக்கொள்கிறான், மகள் தன் உடம்பை எப்படி நினைக்கக் கற்றுக்கொள்கிறாள் என்பது. இது ஒரு காட்சியில் இல்லை. பத்து வயதுக்குள் காதில் விழுந்த நூற்றுக்கணக்கான பாட்டுகளிலும் சிரித்துவிட்டு மறந்த வசனங்களிலும் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்வது.

பாட்டைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பிள்ளையிடம் முதலில் வந்து சேர்வது அதுதான். அரங்கின் வாசலில் காவல் போடலாம். கல்யாண மண்டபத்திலும் மினி பஸ்ஸிலும் கோயில் திருவிழா ஒலிபெருக்கியிலும் யார் காவல் போடுவது? படம் தணிக்கைக்குப் போவதற்கு முன்பே பாட்டு யூடியூபில் வரிகளோடு வந்துவிடுகிறது. பிறகு பள்ளி ஆண்டு விழாவில் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள் அதற்கு ஆடுகிறார்கள். பெற்றோர் செல்போனில் படம் எடுக்கிறார்கள். தொலைக்காட்சி நடனப் போட்டிகள் இதை இன்னும் பெரிதாக்கின. 2019 ஜூன் 18 அன்று மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் எல்லாத் தனியார் தொலைக்காட்சிகளுக்கும் ஓர் அறிவுரை அனுப்பியது. படங்களில் பெரியவர்கள் ஆடிய ஆட்டங்களைச் சிறு குழந்தைகளை ஆடவைக்கிறீர்கள், அந்த அசைவுகள் பாலுணர்வைத் தூண்டுபவை, வயதுக்குப் பொருந்தாதவை, கட்டுப்பாட்டோடு நடந்துகொள்ளுங்கள் என்று. குழந்தை இங்கே பார்வையாளராக இல்லை. காட்சிப்பொருளாகவே ஆகிவிட்டது. மேடைக்குக் கீழே கைதட்டியவர்களில் அந்தப் பிள்ளையின் பெற்றோரும் இருந்தார்கள் என்பதை வேதனையோடுதான் எழுத வேண்டியிருக்கிறது. அவர்கள் தீயவர்கள் அல்லர். அந்தப் பாட்டு எதைப் பற்றியது என்று யாரும் அவர்களிடம் நின்று பேசியதில்லை. அவர்களும் யாரிடமும் கேட்டதில்லை.

அதே ஆண்டு மதுரையில் பெற்றோரின் கவலை இன்னொரு வடிவத்தில் நீதிமன்றம் ஏறியது. டிக்டாக் செயலியில் ஆபாசம் பெருகுகிறது, பிள்ளைகள் முன்பின் தெரியாதவர்களிடம் சிக்குகிறார்கள் என்று தொடுக்கப்பட்ட பொதுநல வழக்கில், உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2019 ஏப்ரல் 3 அன்று அந்தச் செயலியைத் தரவிறக்கம் செய்யத் தடை விதிக்கும்படி மத்திய அரசுக்கு உத்தரவிட்டது. இணையத்தில் குழந்தைகளைக் காக்க அமெரிக்காவில் இருப்பதுபோன்ற சட்டத்தைக் கொண்டுவருவீர்களா என்றும் கேட்டது. கூகுளும் ஆப்பிளும் செயலியைக் கடையிலிருந்து எடுத்தன. ஏற்கெனவே போனில் ஏற்றியிருந்தவர்கள் பார்த்துக்கொண்டேதான் இருந்தார்கள். ஏப்ரல் 24 அன்று தடை நீங்கியது. அடுத்த ஆண்டு ஜூனில் மத்திய அரசு டிக்டாக்கை ஒரேயடியாகத் தடை செய்தது. அதற்குச் சொன்ன காரணம் நாட்டின் பாதுகாப்பு, குழந்தைகள் அல்லர். டிக்டாக் போனது, அதே பாட்டுகளும் அதே அசைவுகளும் ரீல்ஸாகவும் ஷார்ட்ஸாகவும் அதே போனில் ஓடுகின்றன.

பெற்றோருக்குச் சாவி கொடுக்கும் சட்டங்கள் இப்போது வருகின்றன. 2021ஆம் ஆண்டுத் தகவல் தொழில்நுட்ப விதிகளின்படி ஓடிடி தளங்கள் தங்கள் படங்களையும் தொடர்களையும் யு, 7+, 13+, 16+, ஏ என்று தாங்களே வகைப்படுத்த வேண்டும். 13+, அதற்கு மேலுள்ளவை ஆகியவற்றுக்குப் பெற்றோர் பூட்டுப் போடும் வசதி தர வேண்டும். 2023ஆம் ஆண்டுத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயதுக்குக் கீழுள்ளவரின் தரவைக் கையாளப் பெற்றோரின் சரிபார்க்கத்தக்க ஒப்புதல் வேண்டும் என்கிறது. ஆஸ்திரேலியா இன்னும் ஒருபடி மேலே போய் 2025 டிசம்பர் 10 முதல் 16 வயதுக்குக் குறைந்தவர்கள் சமூக ஊடகக் கணக்கு வைத்திருக்கவே தடை போட்டிருக்கிறது. இவற்றின் நோக்கத்தை வரவேற்கிறேன். ஆனால் நம் வீடுகளில் போனில் கணக்குத் தொடங்கித் தருவதும் கடவுச்சொல் போட்டுக் கொடுப்பதும் பெரும்பாலும் வீட்டுப் பிள்ளைகள்தான். கூலி வேலைக்குப் போய் இரவு ஏழு மணிக்குத் திரும்பும் தாயிடம் நான்கு இலக்கப் பூட்டு எண்ணைக் கொடுத்துவிட்டு, இனி உன் பொறுப்பு என்று சொல்வதை முழுமையான பாதுகாப்பு என்று கருத முடியாது.

அந்த 2021 விதிகளில் பலர் கவனிக்காத ஒரு சிறு பகுதி இருக்கிறது. ஓடிடி தளம் வயதை மட்டும் போட்டால் போதாது. படத்தில் என்ன இருக்கிறது என்ற குறிப்பையும் சேர்த்துக் காட்ட வேண்டும். அதனால்தான் படம் ஆரம்பிக்கும்போது திரையின் மூலையில் வயது எண்ணோடு வன்முறை, பாலியல் காட்சி, கொச்சைப் பேச்சு என்பதுபோல் ஒரு வரி வருகிறது. சாதாரண வரி. ஆனால் 1954இல் மனுக் கொடுத்த தாய்மார்களுக்குக் கிடைக்காத வரி அது. இதன் மதிப்பை ஆய்வுகளும் சொல்கின்றன.

அமெரிக்க உளவியலாளர் பிராட் புஷ்மனும் ஏஞ்சலா ஸ்டாக்கும் 1996இல் வெளியிட்ட ஆய்வு, வன்முறை நிகழ்ச்சிகளில் ஒட்டப்படும் எச்சரிக்கை வாசகங்களைச் சோதித்தது. இதைப் பார்க்க வேண்டாம் என்ற தொனியில் எச்சரித்தபோது பார்க்கும் ஆசை கூடியது. உள்ளே இன்னது இருக்கிறது என்று தகவலாக மட்டும் சொன்னபோது அந்த விளைவு இல்லை. விலக்கப்பட்டது என்ற முத்திரையே விளம்பரமாகிறது. நம் ஊரில் சுவரொட்டியில் ஏ எழுத்தைப் பெரிதாகப் போட்டுக் கூட்டம் சேர்த்த அரங்குகளை அறிந்தவர்களுக்கு இதில் வியப்பு இருக்காது.

ஏமி நேதன்சன் 2002இல் வெளியிட்ட ஆய்வு வளரிளம் பருவத்தினரைப் பற்றியது. வன்முறையும் பாலுறவுக் காட்சிகளும் உள்ள நிகழ்ச்சிகளைப் பெற்றோர் கடுமையாகத் தடுத்த வீடுகளில், பிள்ளைகளுக்குப் பெற்றோர் மீதான நல்லெண்ணம் குறைவாகவும், அந்த நிகழ்ச்சிகள் மீதான விருப்பம் அதிகமாகவும் இருந்தது. நண்பர்களோடு சேர்ந்து அவற்றைப் பார்ப்பதும் கூடியிருந்தது. எது காரணம், எது விளைவு என்று இத்தகைய ஆய்வு அறுதியிட்டுச் சொல்லாது. அடங்காத பிள்ளை என்பதாலேயே பெற்றோர் கடுமை காட்டியிருக்கலாம். ஆனாலும் அதே துறை ஆய்வுகள் திரும்பத் திரும்ப மூன்று வழிகளைப் பிரித்துக் காட்டுகின்றன: தடுப்பது, சேர்ந்து உட்கார்ந்து பார்ப்பது, பார்த்ததைப் பற்றிப் பேசுவது. சேர்ந்து பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் இருந்தால், அம்மா அப்பாவுக்கு இது சம்மதம் என்று பிள்ளை எடுத்துக்கொள்ளக்கூடும். நம் குடும்பங்களில் அதிகம் நடப்பது இந்த நடு வழிதான். கூடத்தில் ஒரு டிவி, எல்லாரும் உட்கார்ந்திருக்கிறோம். சங்கடமான காட்சி வருகிறது. அப்பா செய்தித்தாளை எடுக்கிறார், அம்மா அடுப்படிக்குப் போகிறார், யாரோ ரிமோட்டைத் தேடுகிறார்கள். பேச்சு மட்டும் இல்லை. அந்த மௌனத்தைப் பிள்ளைகள் வாசிக்கிறார்கள் என்பதே ஆய்வு நமக்குத் தரும் பயனுள்ள செய்தி.

பேச வேண்டுமென்றால் முன்கூட்டித் தெரிந்திருக்க வேண்டும். நெதர்லாந்தில் 2001 முதல் ‘கெய்க்வெய்சர்’ என்ற ஏற்பாடு இருக்கிறது. அங்கே படத்துக்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கும் ஒரே அடையாள முறை. வயது எண்ணோடு சிறு படங்கள் வரும்: வன்முறைக்கு ஒரு முஷ்டி, அச்சத்துக்கு ஒரு சிலந்தி, பாலுறவுக்கு இரண்டு ஜோடிப் பாதங்கள், பாகுபாடு காட்டுதல், போதைப்பொருள், கொச்சைப் பேச்சு ஆகியவற்றுக்கும் தனித்தனிக் குறி. இதை உருவாக்கியதில் குழந்தை ஊடக ஆய்வாளர்களுக்குப் பங்கு உண்டு. எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் புரியும் ஏற்பாடு அது. பிரிட்டன் 2002இல் 12ஏ என்ற வகையைக் கொண்டுவந்தபோது, பெற்றோர் கையில் முடிவைக் கொடுக்கிறோம் என்பதால் படத்தில் என்ன இருக்கிறது என்ற குறிப்பையும் சேர்த்தே கொடுக்கத் தொடங்கியது. சிங்கப்பூரிலும் அப்படித்தான், அங்கே ஓடும் தமிழ்ப் படத்துக்கு வயதுக் குறியோடு வன்முறை அல்லது பாலியல் குறிப்பு என்று ஒரு வரியும் வருகிறது. நம் நடிகர், நம் மொழி, நம் படம். சிங்கப்பூர்த் தமிழ்ப் பெற்றோர் டிக்கெட் எடுக்கும் முன் அறிந்துகொள்வதை மதுரைப் பெற்றோர் இடைவேளையில் அறிகிறார்கள்.

இந்த ஏற்பாடு வந்தால் எல்லாம் சரியாகிவிடும் என்று நான் நினைக்கவில்லை. குத்துப்பாட்டின் பார்வையை ஒரு சிறு குறி சொல்லிவிடாது. பெண்ணைப் பின்தொடரும் நாயகனைப் பற்றி எந்தக் குழு என்ன குறி போடும் என்பதில் சண்டை வரும். வரட்டும், அந்தச் சண்டை வெளிச்சத்தில் நடப்பது நல்லது. இன்று அது மூடிய அறையில், வினாடிகளைப் பற்றிய பேரமாக நடக்கிறது. காரணத்தை எழுதிக் காட்ட வேண்டும் என்றாகிவிட்டால், இரட்டை அர்த்த வசனத்தைக் காரணமாக எழுதக் குழுவும் தயங்க முடியாது, அதை வைத்துக்கொண்டு குடும்பப் படம் என்று விளம்பரம் செய்யத் தயாரிப்பாளரும் யோசிப்பார்.

இதற்குப் பெரிய செலவோ புதிய ஆளோ தேவைப்படாது. சென்னை ஹாடோஸ் சாலை சாஸ்திரி பவனில் இருக்கும் தணிக்கை வாரிய மண்டல அலுவலகத்தின் வழியாகப் போகும் ஒவ்வொரு படத்தையும் ஆய்வுக்குழு உறுப்பினர்கள் உட்கார்ந்து முழுக்கப் பார்க்கிறார்கள். அந்தக் குழுவில் பெண்களும் இருக்க வேண்டும் என்பது விதி. பார்த்து முடித்ததும் எந்த வகைச் சான்றிதழ், எதனால் என்று ஒவ்வொருவரும் தம் கருத்தை எழுத்தில் கொடுக்கிறார்கள். காரணங்கள் ஏற்கெனவே தாளில் இருக்கின்றன; கோப்புக்குள் போய்விடுகின்றன. அவற்றில் ஒரு வரியை எடுத்து, தமிழில், யு/ஏ 13+ என்ற குறிக்குப் பக்கத்தில், சுவரொட்டியிலும் டிக்கெட் முன்பதிவுச் செயலியிலும் அரங்கின் கவுண்டரிலும் போட்டால் போதும். படத்தை யாரும் மறுபடி பார்க்க வேண்டியதில்லை.